சக்கரம் வைத்த சுவர்

டிரில்லின் முனை சுவரைத் தாண்டி அந்தப் பக்கம் போனது. கையில் இருந்த அழுத்தம் சட்டென்று விட்டுப்போக, அவள் முன்னால் சாய்ந்து நெற்றியைச் சுவரில் இடித்துக்கொண்டாள்.

"வந்துருச்சு, வந்துருச்சு," என்று உள்ளேயிருந்து மாமனாரின் குரல் கேட்டது. "காதுக்கு ஒரு ஜாண் தள்ளி. குறி தப்பிருச்சும்மா, இன்னொரு தடவை முயற்சி பண்ணு."

"கட்டிலைத் தள்ளிப் போட்டுக்கங்கன்னு சொன்னேனே மாமா."

"யாரு தள்ளுறது? கட்டில்ல கிடக்கிறவனே கட்டிலைத் தள்ள முடியுமா?"

அவள் முனையை உருவினாள். செங்கல் தூளை ஊதிவிட்டு ஓட்டையில் கண்ணை வைத்துப் பார்த்தாள். அந்தப் பக்கம் இன்னொரு கண் இருந்தது. மேலே நரைத்த புருவம். இரண்டு கண்களும் கொஞ்ச நேரம் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருந்தன.

"என்ன தெரியுது?" என்றார் அவர்.

"கண்ணுல பூ விழ ஆரம்பிச்சிருக்கு. டாக்டர்கிட்ட காட்டணும்."

"எக்ஸ்ரே எடுக்கிறவகிட்ட போய்க் கேட்டேன் பாரு."

அது முன்னறை ஜன்னலுக்குக் கீழே உள்ள சுவர். அதை இடித்துவிட்டால் ஜன்னல் கதவாகிவிடும். கதவைத் திறந்தால் கார் கொட்டகை. கார் வாங்குவோம் என்ற நம்பிக்கையில் போட்ட கொட்டகையில் இதுவரை ஸ்கூட்டர்தான் நின்றிருக்கிறது. ஜன்னலின் அகலத்தை ஒரு விரல்கூடக் கூட்டக்கூடாது, கீழே எவ்வளவு வேண்டுமானாலும் இறக்கிக்கொள்ளலாம் என்று அவள் கணவன் காலையில் தீர்ப்புச் சொல்லிவிட்டுக் கடைக்குப் போயிருந்தான்.

"அகலம் கூட்டினா மேல இருக்கிற பாரம் இடம் மாறும். அப்ப அனுமதி வேணும். கீழ இறக்கினா வேண்டாம்."

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. கொழுந்தன் காரோடு வருகிறான், அப்பாவை அழைத்துப்போக. அதற்குள் வீட்டின் கீழ்த்தளத்தில் அப்பாவுக்கு ஓர் அறை இருந்தாக வேண்டும். இருந்தால் அவர் இங்கேயே இருப்பார். இல்லாவிட்டால் போய்விடுவார். விஷயம் அவ்வளவுதான்.

அவள் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவள். மூச்சை இழுங்க, பிடிங்க, விடுங்க என்று சொல்லிச் சொல்லி, அந்தச் சொற்கள் அவள் வாயிலேயே குடியிருந்தன. ஆணி அடிக்கும்போதும், குறுகிய வாய் உள்ள பாட்டிலில் எண்ணெய் ஊற்றும்போதும், பக்கத்தில் யார் நின்றாலும் மூச்சைப் பிடிக்கச் சொல்வாள். கேட்டவர்கள் பிடித்துக்கொள்வார்கள். ஏன் என்று ஒருவரும் கேட்டதில்லை. அந்தக் குரல் அப்படி. ஒரு தடவை ஏணிமேல் நின்று அதைச் சொல்லிவிட்டு, போன் அடித்ததால் இறங்கிப் போய்விட்டாள். திரும்பி வந்தபோது கணவன் ஏணியைப் பிடித்தபடி முகமெல்லாம் சிவந்து நின்றுகொண்டிருந்தான். ஆஸ்பத்திரியில் அவளுக்கு மூச்சுப்பிடி அக்கா என்று பெயர். அது எப்படியோ மாமனார் காதுக்கு எட்டி, வீட்டிலும் அவள் மூச்சுப்பிடி ஆகிவிட்டாள்.

கணவன் நகராட்சியில் வீடு கட்டும் அனுமதி கேட்டு வருகிறவர்களின் மனுக்களை வாங்கும் ஜன்னலில் உட்கார்ந்திருப்பவன். கல்யாணமான புதிதில், சமையலறையைப் பின்பக்கமாகக் கொஞ்சம் இழுத்துக் கட்டலாமே என்று அவள் கேட்டாள்.

"அதுக்கு அனுமதி வேணும்," என்றான்.

"வாங்குங்க. உங்க ஆபீஸ்தானே?"

"அதனாலதான் முடியாது. நானே குடுத்து நானே வாங்கிக்கணுமா? ஊரே சிரிக்கும்."

"பக்கத்து ஜன்னல்ல குடுக்கிறது."

"பக்கத்து ஜன்னல்ல இருக்கிறவன் என்கூட டீ குடிக்கிறவன்."

அதோடு முடிந்தது. அந்த வீட்டில் அனுமதி தேவைப்படும் எதுவும் நடக்காது. வேறொருத்தியாக இருந்தால் சண்டை போட்டிருப்பாள், அல்லது அம்மா வீட்டுக்குப் போய் உட்கார்ந்திருப்பாள். இவளுக்கு வந்தது வேறொன்று. எதற்கெல்லாம் அனுமதி வேண்டாம் என்று தெரிந்துகொள்ளும் ஆசை. சாப்பிடும்போது கேட்பாள்.

"கொல்லையில மரத்துல ஊஞ்சல்?"

"வேண்டாம்."

"ஊஞ்சலுக்கு மேல ஒரு கூரை?"

"எது தாங்குது கூரையை?"

"மரமே."

அவன் வாய்க்குக் கொண்டுபோன கையை நிறுத்துவான். அவனுக்கும் இது பிடித்திருந்தது என்பதை அவள் சீக்கிரமே கண்டுகொண்டாள். அலுவலகத்தில் எல்லோரும் அவனிடம் எது கூடாது என்றுதான் கேட்டார்கள். எது கூடும் என்று கேட்கிறவள் அவள் ஒருத்திதான். "கையைக் கழுவிக்கிட்டு வந்து சொல்றேன்," என்று எழுந்து போவான். சில கேள்விகளுக்குப் பதில் வர நாளாகும். சமையலறைக் கூரையில் வெளிச்சத்துக்குக் கண்ணாடி பதிக்கலாமா என்று கேட்டதற்கு, குளித்துக்கொண்டிருந்தவன் கதவுக்குப் பின்னாலிருந்து கத்திச் சொன்னான்: "பதிக்கலாம்! கூரைக்கு மேல துருத்திக்கிட்டு நிக்கக்கூடாது!"

அதுதான் அவளுடைய முதல் வேலை. கூரையில் ஏறி ஓட்டைப் பிரித்தவள் அவள். ஏணியின் அடியில் நின்றவர் மாமனார். அப்போது அவர் வெளியூர் பஸ் ஓட்டிக்கொண்டிருந்தார். ஒரு ஓட்டத்துக்கும் அடுத்ததற்கும் நடுவே வீட்டில் தூங்க வருகிறவர். அன்றைக்குத் தூங்காமல் ஏணியைப் பிடித்தார். "நீ பிரிம்மா. விழுந்தா என் மேல விழு, நான் அகலமாத்தானே இருக்கேன்."

அன்றிலிருந்து அந்த முறைதான். கணவன் தீர்ப்புச் சொல்வான், மாமனார் ஆணி எடுத்துக் கொடுப்பார், அவள் அடிப்பாள். கொல்லையில் மண்ணை நிரவித் தண்ணீர் கீழே இறங்குகிற மாதிரி இடைவெளி விட்டுக் கல் பதித்தார்கள். தோட்டத்துச் சாமான்களுக்கு ஓர் அறை போட்டார்கள். அதன் கூரை இந்த உயரத்துக்கு மேல் போகக்கூடாது என்று கணவன் கழுத்தில் கை வைத்துக் காட்டினான். உள்ளே போகிறவர்கள் எல்லோரும் குனிந்து போனார்கள், இடுப்பைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார்கள். அவள் யோசித்தாள்.

"மேல போகத்தானே கூடாது? கீழ போகலாமா?"

கணவன் ஒரு நாள் முழுக்கப் பேசவில்லை. மறுநாள் வந்து, விதியில் கீழே போவதைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை என்று கொஞ்சம் வருத்தத்தோடு சொன்னான். மாமனாரும் அவளும் அறையின் தரையைத் தோண்டினார்கள். இப்போது அதற்குள் படி இறங்கித்தான் போக வேண்டும். தாராளமாக நிமிர்ந்து நிற்கலாம். மழை பெய்தால் முழங்கால் வரை தண்ணீர் நிற்கும். "கிணறு வெட்டவும் அனுமதி வேணுமாடா?" என்று மாமனார் மகனைக் கேட்டார். மகன் சிரிக்கவில்லை. வேணும் என்றான்.

இப்படி அந்த வீடு வளர்ந்தது. வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு எதுவும் மாறினதாகத் தெரியாது.

மாமனார் மாடி அறையில் இருந்தவர். போன மாதம் மாடிப்படியில் கால் வழுக்கி இடுப்பு எலும்பு முறிந்தது. படம் எடுத்தவள் அவள்தான். மூச்சைப் பிடிங்க மாமா என்று சொல்லும்போது முதல் தடவையாக அவளுக்கே குரல் பிசிறியது. ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்தவரை முன்னறையில், டிவிக்கும் வாசலுக்கும் நடுவில் கட்டில் போட்டுப் படுக்கவைத்தார்கள். பால்காரர் முதல் கேஸ்காரர் வரை யார் வந்தாலும் அவர் காலைத் தாண்டிக்கொண்டுதான் வந்தார்கள். அவர் வந்தவர்களிடம் டிக்கெட் கேட்டார். படி ஏறுவது இனி நடக்காது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

கொழுந்தன் உயரமான கட்டடத்தில் குடியிருக்கிறான். லிப்ட் உண்டு. அப்பாவுக்கென்று ஓர் அறையை ஒழித்துப் போட்டு, புது மெத்தை வாங்கி, குளியலறையில் பிடித்துக்கொள்ளக் கம்பிகூட அடித்துவிட்டான். அவன் சொன்ன எதிலும் அவளால் குறை காண முடியவில்லை. தேடிப் பார்த்தாள், கிடைக்கவில்லை.

"நீங்க என்ன மாமா சொல்றீங்க?" என்று கேட்டாள்.

"டிரைவர்கிட்ட எந்த ரூட்டுன்னு கேக்கலாம். பார்சல்கிட்ட கேக்கலாமா?"

அவர் போய்விட்டால் ஏணிக்கு அடியில் யார் நிற்பார்கள் என்று அவள் நினைத்துக்கொண்டாள். சொல்லிக்கொள்ளும்படியான காரணமாக அது அவளுக்குத் தோன்றவில்லை. அதனால் சொல்லவில்லை. பதிலாக, பல் தேய்த்துக்கொண்டிருந்த கணவனிடம் போய்க் கேட்டாள்.

"அறைன்னா என்னங்க?"

"நாலு பக்கம் சுவர், மேல கூரை."

"கார் கொட்டகைக்குக் கூரை இருக்கு. ஒரு பக்கம் நம்ம வீட்டுச் சுவர். இன்னொரு பக்கம் காம்பவுண்டு."

"மிச்ச ரெண்டு பக்கத்தையும் அடைச்சா அறை. அறைன்னா அனுமதி."

"எதால அடைச்சா?"

"எதால அடைச்சாலும்."

"பீரோவை வச்சு அடைச்சா?"

அவன் வாயிலிருந்த நுரையைத் துப்பினான். "பீரோ சாமான். சுவர் இல்ல."

"ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?"

அவன் வாயைக் கொப்பளித்து, முகத்தைக் கழுவி, துண்டால் துடைத்துக்கொண்டு, துண்டை உதறிக் கொடியில் போட்டான். "நகர்த்த முடிஞ்சா சாமான். முடியாட்டா சுவர்."

"நம்ம பீரோவை நகர்த்த முடியாதே."

"முடியும். நாம நகர்த்தறதில்ல. அவ்வளவுதான்."

அன்றைக்கே அவள் ஆஸ்பத்திரியின் சாமான் கிடங்குக்கு இறங்கிப் போனாள். படங்களெல்லாம் கம்ப்யூட்டருக்குள் போய்விட்டதிலிருந்து, எக்ஸ்ரே பிலிம்களை அடுக்கிவைக்கிற இரும்பு அலமாரிகள் அங்கே சும்மா கிடந்தன. ஆளைவிட உயரம், தட்டுத்தட்டாக, பின்பக்கம் திறந்தவை. பக்கத்தில் ஈயத்தகடு பதித்த மறைப்புப் பலகை. முகத்துக்கு நேரே தடித்த கண்ணாடியில் ஒரு சின்னச் சதுரம். படம் எடுக்கும்போது கதிர் படாமல் இருக்க அதன் பின்னால்தான் நிற்க வேண்டும். வேலைக்கு வந்த காலத்தின் பாதியை அவள் அதன் பின்னால் கழித்திருந்தாள். மூலையில் ஒரு பழைய கட்டில். அவள் குனிந்து எல்லாவற்றின் காலையும் பார்த்தாள். எல்லாவற்றுக்கும் சக்கரம் இருந்தது. ஆஸ்பத்திரியில் சக்கரம் இல்லாமல் நிற்பது நோயாளிகளும் டாக்டர்களும் மட்டும்தான்.

"எடுத்துட்டுப் போங்கக்கா. எனக்கு இடம் காலியாகும்," என்றார் கிடங்குக்காரர்.

சனிக்கிழமை மத்தியானத்துக்குள் ஜன்னலுக்குக் கீழே இருந்த சுவர் இடிந்து முடிந்தது. செங்கல்களைக் கொல்லையில் அடுக்கினாள். பழைய கதவொன்றை அறுத்து மாட்டினாள். கொட்டகையின் கேட் பக்கத்து வாயில் இரும்பு அலமாரிகளை வரிசையாக நிறுத்தினாள். கொல்லைப் பக்கத்து வாயில் ஈயப் பலகை. நடுவில் கட்டில், கால்மாட்டு கேட் பக்கம் இருக்கும்படி. காம்பவுண்டுச் சுவருக்கும் கூரைக்கும் நடுவே காற்று வருகிற இடைவெளியில் தடித்த திரைத்துணி. கீழே இறக்கிவிட்டால் மறைப்பு, சுருட்டிக் கட்டினால் வானம்.

மாமனார் வாக்கரைத் தட்டித் தட்டிப் புதுக் கதவு வழியாக வெளியே வந்தார். நிலைப்படி இல்லாமல் தரையைச் சமமாக இழைத்திருந்தாள். அவர் நின்று மேலே பார்த்தார், இரண்டு பக்கமும் பார்த்தார்.

"ஆயுசு பூரா வண்டியைக் கொண்டுபோய் ஷெட்டுல விட்டேன்," என்றார். "இப்ப என்னைக் கொண்டுவந்து விடுறாங்க."

அவள் கையிலிருந்த சுத்தியலைத் துடைக்க ஆரம்பித்தாள். துடைக்க அதில் ஒன்றும் இல்லை. அவர் அதைக் கவனித்தார். மெதுவாக ஈயப் பலகைக்குப் போய் கண்ணாடி வழியாகக் கொல்லையைப் பார்த்தார்.

"இது வழியாத்தான் எல்லாரையும் பாப்பியா?"

"ஆமா மாமா."

"அந்தப் பக்கம் எல்லாரும் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நிப்பாங்களா?"

"நிப்பாங்க."

"எனக்கும் அப்படித்தான் தெரிவாங்க, பஸ்ல மேல இருக்கிற கண்ணாடியில. மலைப்பாதை வளைவுல." கண்ணாடியை விரலால் தட்டினார். "ஷெட்டு ஒண்ணும் மோசமான எடமில்லம்மா. நல்லா வம்பு பேசலாம்."

இருக்கிறேன் என்று சொன்னாரா, இல்லையா? அவளுக்குப் புரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை கொழுந்தன் வந்தான். கையில் அப்பாவுக்கு மெத்தென்ற செருப்பு. கேட்டைத் திறந்து உள்ளே வந்தவன், வழியில் இரும்பு அலமாரிகள் நிற்பதைப் பார்த்துத் தயங்கினான். கேட்டை மறுபடி சாத்திவிட்டு, வாசல் வழியாக வீட்டுக்குள் போய் புதுக் கதவு வழியாகக் கொட்டகைக்கு வந்தான்.

"என்ன அண்ணி இது? அப்பாவை கேரேஜ்ல போட்டுட்டீங்களா?"

"அறை தம்பி."

"அறை இல்ல," என்றான் கணவன் அவசரமாக. "கொட்டகையில சாமான் வச்சிருக்கு."

"அறைங்கிறாங்க, இல்லைங்கிற. அப்பா எதுல இருக்கார்?"

"நான் கட்டில்ல இருக்கேன்," என்றார் மாமனார். புதுச் செருப்பைப் போட்டுக்கொண்டு கட்டிலில் காலை நீட்டியிருந்தார். தலைமாட்டில் தலையணைகளை முட்டுக் கொடுத்து உட்காரவைத்திருந்தாள். "செருப்பு நல்லா இருக்குடா. இதைப் போட்டுக்கிட்டு நடக்கத்தான் முடியாது."

"கிண்டல் பண்ணாதீங்கப்பா. என் வீட்டுல உங்களுக்கு என்ன குறை?"

"ஒரு குறையும் இல்ல."

"அப்ப கிளம்புங்க."

கணவன் கையை உயர்த்தினான். "கொஞ்சம் இரு. நான் இதை முதல்ல பாத்துடறேன்." அவன் வெள்ளிக்கிழமையிலிருந்து சரியாகத் தூங்கவில்லை. அப்பா இருக்க வேண்டும் என்று அவனும்தான் நினைத்தான். ஆனால் தெருவில் யாராவது நின்று, அனுமதி ஜன்னலில் உட்கார்ந்திருப்பவன் வீட்டிலேயே ஓர் அறையைத் திருட்டுத்தனமாகக் கட்டிவிட்டான் என்று சொல்லிவிட்டால்? அவன் ஒரு அலமாரியின் அடியில் குனிந்தான்.

"சக்கரத்துல பிரேக் போட்டிருக்கே?"

"போடாம?" என்றாள்.

"பிரேக் போட்டா நகராது. நகராட்டா சுவர். எடு."

"நகர்த்தணும்னா அப்ப எடுத்துக்கலாமே."

"இல்ல. எப்பவும் நகர்ற மாதிரி இருக்கணும். சந்தேகத்துக்கு இடமே இருக்கக்கூடாது. எல்லாத்துலயும் எடு."

அவள் ஒவ்வொரு சக்கரமாகக் காலால் தட்டி விடுவித்தாள். அலமாரிகள், பிறகு ஈயப் பலகை.

"கட்டில்லயுமா?"

"எல்லாத்துலயும்."

கட்டிலிலும் எடுத்தாள். ஒன்றும் அசையவில்லை. துருப்பிடித்த சக்கரங்கள்.

"இப்ப நகர்த்திக் காட்டு," என்றான் கணவன்.

அவள் கொல்லைப் பக்கம் போய் ஈயப் பலகையை இரண்டு கையாலும் லேசாகத் தள்ளினாள். அது ஒரு முழம் நகர்ந்தது. "போதும்," என்றான் கணவன் திருப்தியாக. அவள் கையை எடுத்தாள். பலகை போய்க்கொண்டே இருந்தது.

அந்தத் தரையை வாரம் தவறாமல் கழுவியவள் அவள். ஊற்றிய தண்ணீர் கொல்லைப் பக்கத்திலிருந்து கேட்டைப் பார்த்து ஓடுவதை இத்தனை வருஷமும் விளக்குமாற்றோடு நின்று பார்த்திருக்கிறாள். தண்ணீருக்குத் தெரிந்தது அன்றைக்கு அவளுக்குத் தோன்றவில்லை. கதவின் அகலம், கூரையின் இடைவெளி, எது சாமான் எது சுவர் எல்லாவற்றையும் யோசித்தவர்கள், சக்கரத்தையும் சரிவையும் சேர்த்து யோசிக்கவில்லை.

ஈயம் கனம். பலகை அவசரமில்லாமல் வந்து கட்டிலின் தலைமாட்டைத் தொட்டது. கட்டில் கிறீச்சென்று ஒரு சத்தம் போட்டுவிட்டுப் புறப்பட்டது.

அவளுக்கு வாயில் வந்தது அது ஒன்றுதான்.

"மூச்சை இழுங்க! பிடிங்க!"

எல்லோரும் பிடித்துக்கொண்டார்கள். கட்டிலை எட்டிப் பிடிக்க ஓடக்கூட வேண்டாம், இரண்டு எட்டு நடந்தால் போதும். ஆனால் கணவன் கன்னத்தை உப்பிக்கொண்டு நின்ற இடத்தில் நின்றான். அந்தக் குரலுக்குப் பழக்கமில்லாத கொழுந்தனும் நெஞ்சை விரித்துக்கொண்டு சிலையாக நின்றான். அவளும் நின்றாள். மாமனார் மடியில் கைகளை வைத்து, முதுகை நிமிர்த்தி, நேரே பார்த்தபடி போனார். கட்டிலின் கால்மாடு அலமாரிகளைத் தொட்டது. நடுவில் இருந்தவை முன்னால் நகர்ந்தன, ஓரத்தில் இருந்தவை வழிவிடுவதுபோல ஒதுங்கின. அலமாரி, கட்டில், பலகை என்று ஒன்றன்பின் ஒன்றாக வெயிலுக்குள் போய், கேட்டில் டங்கென்று முட்டி நின்றன.

தெருவில் போன ஒருவர் சைக்கிளை நிறுத்திப் பார்த்தார்.

மாமனார் அசையவில்லை. முகம் சிவந்துகொண்டு வந்தது. கண்ணை மட்டும் திருப்பி அவளைத் தேடினார். அப்புறம்தான் அவளுக்கு உறைத்தது.

"விடுங்க மாமா! விடுங்க!"

அவர் விட்டார். கணவனும் கொழுந்தனும் விட்டார்கள்.

"நல்லவேளை," என்றார் மாமனார் இரைக்க இரைக்க. "மறந்துட்டியோன்னு நினைச்சேன்."

கொழுந்தன் ஓடிப்போய்க் கட்டிலைப் பிடித்தான். இப்போது பிடிக்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை. "போதும்! இதுக்கு மேல ஒரு நிமிஷம் இங்க வேண்டாம். சக்கரம் வச்ச சுவர்! யாராவது கேட்டா சிரிப்பாங்க. அண்ணா, சாமானை எடுத்து வை."

அவன் சொன்னதில் தப்பில்லை. பெரியவரின் இடுப்பு எலும்பை ஒட்டவைத்து மாதம் ஒன்றுகூட முழுதாக ஆகவில்லை. அவள் வீட்டுக்குள் போய் அவருடைய மருந்துகளை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு வந்தாள்.

மாமனார் அலமாரியின் வெறும் தட்டுகளின் வழியாகத் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார். தெரு முனையில் ஒரு பஸ் திரும்பியது. திருப்பம் குறுகல். பின்சக்கரம் நடைபாதையில் ஏறி இறங்கியது.

"அவசரப்படுறான்," என்றார். "இன்னும் கொஞ்சம் வெளிய எடுத்துட்டுத் திருப்பணும்." பிறகு சொன்னார்: "இங்கேர்ந்து முனை தெரியுது. முன்னறையில டிவிதான் தெரியும்."

"அப்பா, கிளம்பலாம்."

"டேய், உன் வீடு எத்தனையாவது மாடி?"

"தெரிஞ்சுக்கிட்டே கேக்கறீங்களே."

"இங்க உருண்டேன், கேட்டுல வந்து நின்னேன். அங்க உருண்டா எங்க போய் நிப்பேன்?"

கொழுந்தன் வாயைத் திறந்தான். கோபமாக ஏதோ சொல்ல நினைத்தவன் போலத்தான் இருந்தது. சிரிப்பு வந்துவிட்டது. முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"என்கிட்ட யாராவது கேட்டீங்களாப்பா?" என்றான். "நான் அந்த அறையை ஒழிக்க எவ்வளவு..."

"தெரியும்டா." அவர் அவன் மணிக்கட்டைப் பிடித்தார். "ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை காரை எடுத்துட்டு வா. ஒரு ரவுண்டு போகலாம். நான் முன்னாடி உக்காருவேன். நீ ஓட்டுறதுல என்ன தப்புன்னு சொல்லிக்கிட்டே வரேன்." பிறகு அவளைப் பார்த்தார். "மூச்சுப்பிடி, அந்தப் பையை உள்ள வை. எனக்குக் கட்டை வேணும். சக்கரத்துக்கு அடியில வைக்க. வண்டியைச் சரிவுல நிறுத்தினா வைப்போமே, அது. கட்டில் இதே மாதிரி தெருவைப் பாத்து இருக்கணும். இந்த அலமாரியில ஒண்ணைக் கொஞ்சம் தள்ளிவை, முனை தெரியற மாதிரி."

"கட்டை வச்சா நகராது," என்றான் கணவன். அவனே அதைச் சொல்ல விரும்பாதவன்போல மெதுவாகச் சொன்னான். "நகராட்டா..."

"நிறுத்தி வச்ச பஸ் வீடாயிடுமாடா?"

கணவன் கட்டிலைப் பார்த்தான். ஈயப் பலகையைப் பார்த்தான். ஒரு அலமாரியின் மேல் கையை வைத்து, எடுத்து, மறுபடி வைத்தான். சைக்கிள்காரர் இன்னும் போகவில்லை, அவரும் பதிலுக்காகக் காத்திருந்தார்.

"ஆகாது," என்றான் கடைசியில். "பிரேக் போட்டாலும் அது வண்டிதான்."

அவன் கொல்லைக்குப் போனான். படி இறங்கித் தோட்டத்து அறைக்குள் மறைந்தான். ரம்பம் அறுக்கிற சத்தம் கேட்டது. அந்த வீட்டில் அவன் கையால் ரம்பம் பிடித்து அதுவரை யாரும் பார்த்ததில்லை. அறுத்துக்கொண்டு வந்த கட்டைகள் ஒன்றுபோல ஒன்று இல்லை. ஆனாலும் நின்றன.

மறுநாள் திங்கட்கிழமை. காலையில் அவள் ஆஸ்பத்திரிக்குப் போனாள். நெஞ்சுப் படங்கள் நிறைய. ஒரு கை, ஒரு தாடை. கணவன் ஜன்னலில் உட்கார்ந்தான். கார் கொட்டகையை அடைக்க அனுமதி வேண்டுமா என்று ஒருவர் கேட்டார். எதால் அடைக்கப் போகிறீர்கள் என்று அவன் கேட்டான். செங்கல் என்றார். வேண்டும் என்றான். அவர் மனுவைக் கொடுத்துவிட்டுப் போனார். கொழுந்தன் மத்தியானம் போன் செய்து அப்பா தூங்கினாரா என்று விசாரித்தான். சாயங்காலம் அவள் வீடு திரும்பியபோது ஒரு அலமாரியின் கட்டையை மாமனார் கைத்தடியால் தட்டிவிட்டிருந்தார். அலமாரி கேட் வரை போய் நின்றிருந்தது. கேட்டுக்கு வெளியே பால்காரர் நின்று அவரோடு பேசிக்கொண்டிருந்தார். அவள் அலமாரியைத் தள்ளிக்கொண்டு வந்து பழைய இடத்தில் நிறுத்தி, கட்டையை வைத்தாள். முனை தெரிகிறதா என்று கேட்டாள். தெரிகிறது என்றார். அவள் கைகால் கழுவ உள்ளே போனாள்.